ராக் லீயின் ஓட்டம் உங்களுடையது

கேள்வி: ஐயா, நான் கோவில்பட்டி. பி.இ. முடித்து ஒரு வருடம் ஆகிறது. டிராகன் பால், நருட்டோ என்ற ஜப்பானியக் காமிக்ஸ் தொடர்கள் இரண்டிலிருந்தும் ஒன்பது பாத்திரங்களை எடுத்து, ஃபைட்டிங் கேம் செய்வதற்கான முகென் எஞ்சினில் ஒரு ஃபைட்டிங் கேம் செய்திருக்கிறேன். நான்கு வருட வேலை. மூன்று பாத்திரங்களை என் தங்கை ஃப்ரேம் ஃப்ரேமாக வரைந்தாள். விஸ்காம் இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். மீதி ஆறு பேரின் படங்கள் பழைய நின்டெண்டோ டிஎஸ் கேம் ஒன்றிலிருந்து எடுத்தவை. வெளிநாட்டிலிருந்து ஒருவர், "மாதச் சந்தா வைத்து வெளியிடு, காசு வரும், விளம்பரத்தை நான் பார்த்துக்கொள்கிறேன்" என்கிறார். அப்பாவோ, "நாலு வருசம் போட்டியே, இதுல பத்துப் பைசா வருமா?" என்று கேட்கிறார். காசு வாங்கலாமா? இலவசமாகக் கொடுத்தால் பரவாயில்லையா? கேம் கம்பெனி வேலைக்குப் போகும்போது இதைக் காட்டலாமா, மறைக்க வேண்டுமா? கேமின் பிரதியை இத்துடன் அனுப்பியிருக்கிறேன்.

பதில்:

அன்புள்ள தம்பிக்கு,

கடிதம் வந்ததும் பதில் எழுத உட்காரவில்லை. முதலில் கேமை விளையாடினேன், மூன்று இரவு. என்னோடு வேலை பார்க்கும் நண்பர் ஒருவரையும் பக்கத்தில் உட்காரவைத்து, ஆளுக்கொரு கன்ட்ரோலரோடு. அவருக்கும் எனக்கும் தொழில் ஒன்றுதான், கேம்களில் வரும் சண்டை அசைவுகளை வடிவமைப்பது. உங்கள் கேள்விகளுக்கு வருமுன் கேமில் பார்த்த ஒரு விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். என் பதில் முழுக்க அதைப் பிடித்துக்கொண்டுதான் போகப்போகிறது.

உங்கள் ராக் லீயைப் பற்றி. நருட்டோ படித்தவர்களுக்குத் தெரியும், லீக்கு நிஞ்சுட்சு என்ற நிஞ்சா மாய வித்தை வராது. கையும் காலும்தான் அவன் சொத்து. ரசிகர்கள் செய்யும் கேம்களில் லீக்கும் ஏதாவது ஒரு ஒளிப்பந்தைக் கொடுத்துவிடுவதைப் பார்த்திருக்கிறேன், மற்ற எல்லோருக்கும் இருக்கிறதே என்று. நீங்கள் கொடுக்கவில்லை. எதிரே டிராகன் பால் நாயகன் கோகு, காமேஹமேஹா என்ற ஒளிக்கற்றையை விட்டால் உங்கள் லீ குனிந்து ஓடுகிறான். கோப்பைத் திறந்து பார்த்தேன். அந்த ஓட்டத்தின் நீலப் பெட்டியை நெஞ்சோடு வெட்டிவிட்டிருக்கிறீர்கள். படத்தில் தலை ஒளிக்கற்றையை லேசாக உரசுகிறது, ஆனால் அடி படுவதில்லை. சரி, தப்பித்துவிட்டான். ஆனால் அந்த ஓட்டத்திலிருந்து எழுந்ததும் உடனே தடுக்க முடியாது. பத்து ஃப்ரேம் வெறுமனே நிற்கிறான். அதைப் புரிந்துகொண்ட எதிராளி, ஒளிக்கற்றை விடுவதுபோலப் போக்குக் காட்டி, லீ குனிந்து வந்ததும் காலை வாரிவிடலாம். நண்பர் என்னை நான்கு முறை அப்படித்தான் விழவைத்தார்.

மற்ற வாசகர்களுக்காக இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். ஃபைட்டிங் கேமில் நாம் பார்க்கும் சண்டை ஒன்று, கணினி பார்க்கும் சண்டை வேறொன்று. ஒவ்வொரு படத்தின் மேலும் கண்ணுக்குத் தெரியாத செவ்வகங்கள் இருக்கும். முகெனுக்குப் பாத்திரம் செய்கிறவர்கள் அவற்றை நீலப் பெட்டி, சிவப்புப் பெட்டி என்பார்கள். நீலம், அடி வாங்கும் உடம்பு. சிவப்பு, அடிக்கும் கை அல்லது கால். சிவப்பு போய் எதிராளியின் நீலத்தைத் தொட்டால் அடி விழும். வினாடிக்கு 60 ஃப்ரேம் ஓடுகிறது. ஒரு குத்து என்றால் கை கிளம்பச் சில ஃப்ரேம், சிவப்புப் பெட்டி உயிரோடு இருக்கச் சில ஃப்ரேம், கையை மடக்கிக்கொள்ளச் சில ஃப்ரேம். அடி பட்ட கணத்தில் இருவரையும் சில ஃப்ரேம் அப்படியே உறையவைப்பார்கள். முகெனில் அந்த எண்ணுக்குப் பாஸ்டைம் என்று பெயர். எஞ்சினோடு கூடவே வரும் குங்ஃபூ மேன் பாத்திரத்தின் லேசான குத்தில் அது 8. அதைச் சுழியாக்கிவிட்டு அடித்துப் பாருங்கள், காற்றில் கை வீசியதுபோல இருக்கும். 14 ஆக்குங்கள், எலும்பில் பட்டதுபோலக் கனக்கும். படம் அதேதான். எண் ஒன்றுதான் மாறியது.

லீயின் பச்சை உடையும், கிண்ணத்தைக் கவிழ்த்ததுபோன்ற முடியும் நருட்டோவைப் படைத்த கிஷிமொட்டோ வரைந்தவை. குனிந்து ஓடினால் தப்பலாம், அதற்கு விலை பத்து ஃப்ரேம் என்ற ஏற்பாடு நீங்கள் யோசித்தது. ஒரு பாத்திரத்தின் குறையைப் படித்து, அதை விளையாட்டின் விதியாக மாற்றியிருக்கிறீர்கள். பச்சை உடையைக் கழற்றி வேறு யாருக்கு மாட்டினாலும் அந்த ஓட்டம் அப்படியே நிற்கும். உங்கள் கேமில் எது உங்களுடையது, எது அடுத்தவருடையது என்று பிரிக்கும் கோடு இங்கேதான் ஓடுகிறது.

இனி காசு. வாங்காதீர்கள். மாதச் சந்தா, நன்கொடை, டீச்செலவு என்று எந்தப் பெயரிலும் வேண்டாம். டிராகன் பாலும் நருட்டோவும் ஷுயேஷா பதிப்பகத்தின் ஷோனென் ஜம்ப் வார இதழில் வந்த தொடர்கள். அனிமே என்று வந்தால் முன்னதற்குத் தோயே அனிமேஷன், பின்னதற்கு ஸ்டூடியோ பியெரோ. கேம் என்றால் இரண்டையும் வெளியிடுவது பண்டாய் நாம்கோ. ஆர்க் சிஸ்டம் வொர்க்ஸ் அவர்களுக்காகச் செய்த டிராகன் பால் ஃபைட்டர்ஸ் 2018இல் வந்தது. அதுவும் ஃபைட்டிங் கேம்தான். ஆக, நீங்கள் சந்தா வைத்தால் அவர்கள் கடையில் இருக்கும் அதே சரக்கை, அவர்கள் பெயர்ப்பலகையோடு, பக்கத்திலேயே கடை போட்டு விற்பதாகத்தான் ஆகும். டிராகன் பாலைப் படைத்த டொரியாமா 2024 மார்ச்சில் காலமானார். படைத்தவர் இறந்த பிறகும் 60 வருடம் உரிமை நிற்கும் என்பது நம் நாட்டுச் சட்டம். 2084 முடியும் வரை கோகு பொதுச்சொத்து ஆகமாட்டான்.

இலவசமாகக் கொடுத்தால் பிரச்சினை இல்லை என்று நிறையப் பேர் நம்புகிறார்கள். 1957ஆம் வருடப் பதிப்புரிமைச் சட்டம் அப்படிச் சொல்லவில்லை. 52ஆவது பிரிவு சொந்த உபயோகம், ஆராய்ச்சி, விமர்சனம் போன்றவற்றுக்கு இடம் தருகிறது. வீட்டில் செய்து பழகுவதும், ஊருக்கெல்லாம் இறக்கிக்கொள்ளக் கொடுப்பதும் ஒன்றாகிவிடாது. உரிமையாளரைப் பாதிக்கும் அளவுக்குப் பரப்பினால், விற்காவிட்டாலும் அது மீறல்தான் என்கிறது 51ஆவது பிரிவு. 63ஆவது பிரிவில் தண்டனையும் உண்டு: ஆறு மாதம் முதல் மூன்று வருடம் வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். அதே பிரிவில் ஒரு விலக்கு இருக்கிறது. வியாபார லாபத்துக்காகச் செய்யாத மீறலுக்கு, தகுந்த காரணம் இருந்தால், நீதிமன்றம் தண்டனையைக் குறைக்கலாம். காசு கை மாறியதா என்பதைச் சட்டமே தனியாகப் பார்க்கிறது என்பதற்காகத்தான் இதைச் சொல்கிறேன். கோவில்பட்டிப் பையன் ஒருவனைத் தேடி ஜப்பானிலிருந்து வழக்குப் போடுவார்கள் என்று பயமுறுத்தவில்லை. ரசிகர் கேம்களுக்குப் பெரும்பாலும் முதலில் வருவது ஒரு நோட்டீஸ். வந்தால் அன்றைக்கே எடுத்துவிடுங்கள். வாதாட வேண்டாம், வேறு பெயரில் வேறு இடத்தில் ஏற்றவும் வேண்டாம்.

அந்த வெளிநாட்டு நண்பரைப் பற்றி ஒரே ஒரு விஷயம் யோசியுங்கள். சந்தா யார் கணக்குக்குப் போகும், நோட்டீஸ் யார் பெயருக்கு வரும்? இரண்டுக்கும் பதில் ஒரே ஆளாக இல்லையென்றால் அந்தப் பேச்சை அதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். அப்புறம், 1999இல் முகெனை வெளியிட்ட எலெக்பைட்டும் வணிகம் அல்லாத உபயோகத்துக்குத்தான் அதைக் கொடுத்தது. எஞ்சின் பக்கத்திலிருந்தும் வழி அடைத்துத்தான் இருக்கிறது.

"ஜப்பானில் ரசிகர்கள் செய்து விற்கிறார்களே" என்ற கேள்வி உங்கள் மனதில் இருக்கும். உண்மைதான். அந்தக் கதை எனக்கு மிகவும் பிடித்தது, ஆகவே கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். 1975இலிருந்து டோக்கியோவில் காமிகெட் என்றொரு சந்தை நடக்கிறது. ரசிகர்கள் தாங்களே செய்த புத்தகம், கேம் எல்லாவற்றையும் மேசை போட்டு விற்பார்கள். தொண்ணூறுகளின் கடைசியில் வதனாபே செய்சகுஷோ என்ற சிறு குழு, லீஃப் நிறுவனத்தின் டு ஹார்ட் பாத்திரங்களை வைத்து குயீன் ஆஃப் ஹார்ட் என்ற ஃபைட்டிங் கேமைச் செய்தது. அந்தக் குழுதான் பின்னாளில் ஃப்ரெஞ்ச் பிரெட் என்று பெயர் மாற்றிக்கொண்டது. 2002 டிசம்பரில், டைப் மூன் குழுவின் சுகிஹிமே கதைப் பாத்திரங்களை வைத்து மெல்டி பிளட் வந்தது. இந்த முறை கதைக்காரர்களோடு சேர்ந்தே செய்தார்கள். 2005இல் அது, காசு போட்டு விளையாடும் ஆர்கேடுக்கே போனது. 2012இல் அண்டர் நைட் இன்-பர்த் வந்தது. அதில் இருப்பவர்கள் பெரும்பாலும் அந்தக் குழுவே படைத்த பாத்திரங்கள். அடுத்தவர் முகத்தை வைத்துக் கைபழகி, பிறகு உரியவரோடு சேர்ந்து வேலை பார்த்து, கடைசியில் சொந்த முகத்துக்கு வந்து சேர்ந்தார்கள். பத்துப் பதினைந்து வருடம் ஆயிற்று. டசோகரே ஃப்ரான்டியர் என்ற இன்னொரு குழுவும் ஏறக்குறைய இப்படித்தான் வளர்ந்தது. 2001இல் அவர்கள் செய்த எடர்னல் ஃபைட்டர் ஸீரோ, கீ நிறுவனக் கதைகளின் பாத்திரங்களை வைத்து வந்த ரசிகர் கேம். 2004இல் தோஹோ தொடரின் ஃபைட்டிங் கேமை, அந்தத் தொடரைப் படைத்தவரோடு சேர்ந்தே செய்தார்கள்.

இதைப் படித்துவிட்டு, அவர்கள் விற்றார்கள், நானும் விற்கலாம் என்று முடிவு கட்ட வேண்டாம். அங்கேயும் அது எழுதிக் கொடுத்த அனுமதி கிடையாது. கண்டும் காணாமல் விடும் பழக்கம். அந்தப் பழக்கம் அந்தச் சந்தைக்குள், மேசை போட்டு விற்கும் சிறிய அளவுக்குள், பல வருடமாக வளர்ந்தது. மேலே சொன்ன கதைகள் டிராகன் பால்போலப் பெரிய இதழ்த் தொடர்களும் கிடையாது. சுகிஹிமேயே 2000இல் அதே காமிகெட்டில் விற்ற கேம்தான். டிராகன் பாலின் நிலைமை வேறு.

உங்கள் நிலைமைக்கு இன்னும் நெருக்கமான கதை அமெரிக்கப் பக்கம் நடந்தது. அனிமே இல்லை, குதிரைக்குட்டி கார்ட்டூன். மேன் சிக்ஸ் என்ற ரசிகர் குழு, மை லிட்டில் போனி பாத்திரங்களை வைத்து 2011இலிருந்து ஒரு ஃபைட்டிங் கேம் செய்துகொண்டிருந்தது. 2013இல் ஹாஸ்ப்ரோ நிறுவனத்திடமிருந்து நிறுத்தச் சொல்லி நோட்டீஸ் வந்தது. இரண்டு வருட உழைப்பு ஒரே நாளில் நின்றது. அவர்கள் அதே வேலையை முகம் மாற்றித் தொடர்ந்தார்கள். அந்தக் கார்ட்டூனை உருவாக்கிய லாரன் ஃபாஸ்ட் அவர்களுக்காகப் புதிய விலங்குப் பாத்திரங்களை வரைந்து கொடுத்தார். ஸ்கல்கேர்ள்ஸ் கேமைச் செய்த லேப் ஸீரோ தன் எஞ்சினைக் கொடுத்தது. 2015இல் பொதுமக்களிடம் பணம் திரட்டினார்கள். 2020இல் தெம்ஸ் ஃபைட்டின் ஹெர்ட்ஸ் என்ற பெயரில் முழுக் கேமும் வந்தது. ஒரு போனியும் அதில் இல்லை. இரண்டு வருடத்தில் அவர்கள் கற்றதை எந்த நோட்டீஸாலும் திருப்பி வாங்க முடியவில்லை.

ஆகவே நான் சொல்லும் வழி இது. இந்தக் கேமை இப்போது இருக்கும் ஒன்பது பேரோடு முடித்துவிடுங்கள். பத்தாவது பாத்திரம் வேண்டாம். நண்பர்கள் விளையாடட்டும், நீங்களும் பார்த்துக் குறிப்பெடுங்கள். பிறகு அதன் பிரதி ஒன்றை எடுத்து, லீயையும் உங்கள் கோகுவையும் மட்டும் வைத்துக்கொண்டு, எல்லாப் படங்களையும் அழித்து, வெறும் சாம்பல் நிற உருவங்களை வையுங்கள். அனிமே பார்க்காத ஒருவரைக் கூப்பிட்டு விளையாடச் சொல்லுங்கள். அரை மணி நேரம் கழித்து, "இந்த ஆள் எப்படிப்பட்டவன்?" என்று லீயின் உருவத்தைக் காட்டிக் கேளுங்கள். "கிட்டப் போனால் பயங்கரம், கிட்டப் போகத்தான் பாடுபடணும்" என்று அவர் சொன்னால் பாத்திரம் உயிரோடு இருக்கிறது. கோகுவுக்கும் அதே கேள்வி. என் கணிப்பில் கோகு தேறமாட்டான். அவனிடம் எல்லாமே இருக்கிறது, எல்லாமே பலம்தான். அனிமேயில் அவன் ஜெயிப்பான் என்பதற்காக விட்டுவிட்டீர்கள். கேமில் ஒவ்வொருவனுக்கும் ஒரு பள்ளம் வேண்டும். லீக்குத் தோண்டிய கை கோகுவுக்கும் தோண்டட்டும்.

அதில் தேறிய இரண்டு பேருக்குத் தங்கை புது முகம் வரையட்டும். இரண்டே பேர். ஒரு பாத்திரம் எவ்வளவு செலவு பிடிக்கும் என்பதற்கு ஒரு கணக்கு இருக்கிறது: லேப் ஸீரோ 2013இல் ஸ்கல்கேர்ள்ஸுக்கு ஒரே ஒரு பாத்திரத்தைச் சேர்க்க 1,50,000 டாலர் கேட்டது. பேராசை என்று சிலர் கோபப்பட்டார்கள். அவர்கள் செலவுக் கணக்கையே விரித்துக் காட்டினார்கள். சம்பளம், வரைபவர்கள், பெட்டி போடுபவர்கள், சோதிப்பவர்கள், எல்லாம் சேர்த்து அவ்வளவு ஆகும். தங்கை மூன்று பேரை வரைந்திருக்கிறாள் என்று ஒரு வரியில் எழுதிவிட்டீர்கள். அது சின்ன வேலை கிடையாது.

விற்கும் எண்ணம் பின்னால் வந்தால் முகெனை விட்டு இகெமென் கோ என்ற இன்னொரு எஞ்சினுக்கு மாறுங்கள். முகென் பாத்திரக் கோப்புகளை அது படிக்கும், ஆகவே நீங்கள் போட்ட எண்கள் வீண்போகாது. அதன் மூலநிரல், விற்பனைக்கும் பயன்படுத்த விடும் எம்ஐடி உரிமத்தில் திறந்து கிடக்கிறது. பாட்டு, குரல், அடிச் சத்தம் எல்லாம் புதிதாக இருக்க வேண்டும். படத்தை மாற்றிவிட்டுச் சத்தத்தை மறந்துவிடுகிறவர்கள் நிறைய.

வேலை விஷயம். மறைக்க வேண்டாம், தாராளமாகக் காட்டுங்கள். எப்படிக் காட்டுகிறீர்கள் என்பதுதான் முக்கியம். சில வருடங்களுக்கு முன் ஒருவர் தன் ரசிகர் கேமோடு எங்களிடம் வந்தார். எல்லாம் நானே செய்தது என்றார். பாதிப் படங்கள் கேப்காம் 1998இல் ஆர்கேடுக்குச் செய்த ஜோஜோ கேமிலிருந்து எடுத்தவை. எங்களில் இரண்டு பேருக்கு அந்தப் படங்கள் மனப்பாடம். அவர் எழுதிய நிரல் நன்றாகவே இருந்திருக்கலாம், ஆனால் அதற்குப் பிறகு அவர் சொன்ன எதையும் எங்களால் நம்ப முடியவில்லை. சம்பளத்துக்கு உட்கார்ந்து ஒவ்வொரு புள்ளியாக வைத்து அந்தப் படங்களை வரைந்தவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் இடத்தில் உங்கள் தங்கையை வைத்துப் பாருங்கள்.

ஒன்றரை நிமிட வீடியோ போதும். முதல் காட்சியிலேயே எழுத்தில் போடுங்கள்: இது ரசிகர் கேம், விற்பனைக்கு இல்லை, இந்த மூன்று பேரை வரைந்தது தங்கை, மற்ற ஆறு பேரின் படங்கள் இந்தக் கேமிலிருந்து, விதிகளும் எண்களும் என்னுடையவை. அடுத்து, லீயின் ஓட்டத்தைப் பற்றி ஒரே ஒரு பக்கம் எழுதுங்கள். முதலில் என்ன எண் வைத்தீர்கள், விளையாடியபோது என்ன கெட்டது, ஏன் பத்துக்கு வந்தீர்கள் என்று. நேர்காணலில் என் கண் முதலில் போவது அந்தப் பக்கத்துக்குத்தான். சாம்பல் உருவங்கள் விளையாடும் காட்சி இருபது வினாடி இருந்தால் இன்னும் நல்லது. சண்டை வடிவமைப்புக்கென்றே தனி வேலை நம் ஊர்ப் பக்கம் குறைவு. கேம்ப்ளே புரோகிராமர், டெக்னிக்கல் டிசைனர் என்ற பெயர்களிலும் தேடுங்கள். தங்கை தன் தொகுப்பில் சொந்தப் பாத்திரங்களை முன்னால் வைக்கட்டும், கோகுவைப் பின்னால்.

அப்பாவிடம் நேராகச் சொல்லுங்கள்: இந்தக் கேமில் பத்துப் பைசா வராது. வரவும் கூடாது. ஆனால் மில்டன் குவாஸ்டி என்ற அர்ஜென்டினாக்காரர் பல வருடம் உட்கார்ந்து பழைய மெட்ராய்ட் கேம் ஒன்றை ரசிகராகத் திரும்பச் செய்தார். 2016இல் வெளியிட்ட சில நாளிலேயே நின்டெண்டோ எடுக்கவைத்தது. அந்த வேலையைப் பார்த்த மூன் ஸ்டூடியோஸ் அவரை லெவல் டிசைனராகச் சேர்த்துக்கொண்டது. 2020இல் வந்த ஓரி அண்ட் த வில் ஆஃப் த விஸ்ப்ஸில் அவர் வேலை இருக்கிறது. எல்லோருக்கும் இப்படி நடக்கும் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் அப்பா கேட்பது நியாயமான கேள்வி, அதற்கு ஒரு காலக்கெடு கொடுங்கள். ஆறு மாதத்தில் இரண்டு சொந்தப் பாத்திரம், அந்த வீடியோ, அந்த ஒரு பக்கம். இடையில் வேறு வேலை கிடைத்தால் போய்ச் சேருங்கள். ராத்திரியில் இதைத் தொடரலாம்.

கடைசியாக ஒரு பிழை. மூலையில் மாட்டிய எதிராளியை உங்கள் வெஜீட்டா கீழ் உதையாலேயே சாகும்வரை அடிக்கிறான். உதை கிளம்ப 5 ஃப்ரேம்தான், ஆனால் அடி வாங்கியவன் தெளிவதற்கு 8 ஃப்ரேம் முன்பே வெஜீட்டா தயாராகிவிடுகிறான். நடுக்களத்தில் ஆள் பின்னால் சறுக்கிப் போவதால் தெரியவில்லை. மூலையில் சறுக்க இடமில்லை, அப்போது அடித்தவன்தான் பின்னால் நகர வேண்டும். உங்கள் கோப்பில் கார்னர் புஷ் எண் சுழியாக இருக்கிறது. அதை மாற்றி, மூன்றாவது உதை எட்டாதபடி செய்துவிட்டு, இன்னொரு பிரதி அனுப்புங்கள். நண்பர் லீயோடு மறுபடி மோதக் காத்திருக்கிறார்.